மனவடுப்பட்ட பிள்ளை வகுப்பில் இருந்தால்: நான்கு வழிகளும் ஒவ்வொன்றின் மறைசெலவும்

"இந்தப் பிள்ளையை நானே வைச்சுப் பார்க்கிறதா, கவுன்சிலிங் ரீச்சரிட்ட விடுறதா, இல்லாட்டி ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போகச் சொல்லி வீட்டுக்காரருக்குச் சொல்லுறதா?" ஆசிரியர்கள் என்னிடம் கேட்கிற கேள்விகளில் பாதிக்கு மேல் இப்படித்தான் முடியும். அண்மையில் மூன்று பேர் ஏறக்குறைய ஒரே சமயத்தில் கேட்டார்கள். யாழ்ப்பாணத்து வடமராட்சி கிழக்கில் நாலாம் ஆண்டு படிப்பிக்கும் ஒருவரின் வகுப்பில், தகப்பன் கடலுக்குப் போய்த் திரும்பாத ஒரு சிறுமி. வலிகாமத்தில் எட்டாம் ஆண்டில், தொட்டதுக்கெல்லாம் கை நீட்டும் ஒரு பையன். நகரப் பக்கத்துப் பெண்கள் பாடசாலை ஒன்றில் பத்தாம் ஆண்டு மாணவி. குழப்படி எதுவும் இல்லை, முதல் பாடவேளையிலேயே மேசையில் தலை சாய்த்து விடுகிறாள். அடையாளம் தெரியாதபடி விவரங்களை மாற்றித்தான் இங்கே எழுதுகிறேன்.

மூவருக்கும் ஒரே பதில் இல்லை. அதனால் எதை வைத்து முடிவெடுப்பது என்பதை முதலில் சொல்லிவிட்டு, பிறகு வழிகளை ஒவ்வொன்றாக அதில் உரசிப் பார்க்கிறேன்.

## எதை வைத்து எடை போடுவது

முடிந்த விடயமா, இன்னும் நடக்கிறதா? என் கணக்கில் முதல் கேள்வி இதுதான். மற்றதெல்லாம் இதற்குப் பின்னால்.

"போர் முடிஞ்சு இவ்வளவு காலம், இன்னும் என்ன மனவடு?" என்று ஆசிரியர் அறையிலேயே கேட்பவர்கள் உண்டு. அதில் நியாயம் இல்லாமலும் இல்லை. இன்றைக்குப் பத்தாம் ஆண்டில் இருக்கும் பிள்ளைகூட 2009 மே மாதத்துக்குப் பின் பிறந்தது. பங்கர் என்பது அதற்குக் கேள்விப்பட்ட கதை. ஆனால் அந்தப் பிள்ளையை வளர்ப்பவர்கள் யார்? 1995 ஒக்ரோபர் கடைசியில் கைக்குக் கிடைத்ததோடு வலிகாமத்தை விட்டுத் தென்மராட்சிக்கு நடந்தவர்கள், வன்னிக்குப் போய் மெனிக்பாம் முகாம் கண்டு திரும்பியவர்கள். அவர்கள் பட்டது வீட்டுக்குள் வேறு உருவத்தில் இறங்கியிருக்கிறது. 2008 இல் வெளியான ஆய்வொன்று வடகிழக்கில் 296 தமிழ் மாணவர்களிடம் விசாரித்தது. போர் சார்ந்த கொடிய அனுபவம் ஒன்றாவது உள்ளவர்கள் 82.4 வீதம்; வீட்டுக்குள் வன்முறை ஒரு தடவையாவது பட்டவர்கள் 95.6 வீதம். தகப்பனின் குடியும் வீட்டு வன்முறையும் கைகோர்த்து நடப்பதையும் அதே ஆய்வு காட்டியது. போர் முடியும் முன்னரே வீட்டு எண்ணிக்கை மேலே நின்றது என்பதை இரண்டு தரம் வாசியுங்கள்.

ஆகவே உங்கள் வகுப்புப் பிள்ளை சுமப்பது ஒரு மரணமா, விபத்தா, வெள்ளமா என்பதும், இன்றைக்கு இரவும் நடக்கப் போகிற அடியா என்பதும் வேறு வேறு. நடந்துகொண்டிருக்கிற அடிக்கு மூச்சுப் பயிற்சி மருந்தாகாது.

அடுத்த தவணையிலும் இருக்குமா? ஒரு தடவை கைவிடப்பட்ட பிள்ளைக்கு உதவி என்று வந்தவர் இடையில் மறைந்தால், அது இரண்டாம் கைவிடல்.

என்ன பெயர் ஒட்டும்? மந்திகை ஆஸ்பத்திரியின் மனநலப் பிரிவை வைத்து, நம்மூரில் "மந்திகைக்கு அனுப்போணும்" என்ற கிண்டல் இன்னும் சாகவில்லை.

பிழைத்தால் எவ்வளவு கெடுதி? சில வழிகள் பலிக்காவிட்டால் நேரந்தான் நட்டம். சில வழிகள் பிழைத்தால் பிள்ளையின் இரகசியம் ஊருக்குப் போகும்.

யாருடைய நேரம், யாருடைய காசு? பாடத்திட்டம், பரீட்சை, தாயின் ஒரு நாள் கூலி எல்லாம் இதற்குள் வரும்.

இன்னொன்று. மனவடு என்று முடிவு கட்டுவதற்கு முன் கண், காது, காலைச் சாப்பாடு மூன்றையும் பாருங்கள். கரும்பலகை தெரியாத பிள்ளையும், காது மந்தமான பிள்ளையும், வெறும் தேத்தண்ணியோடு வந்த பிள்ளையும் "கவனமில்லை" என்ற ஒரே பட்டியலில்தான் விழுகிறார்கள். நித்திரைத் தூக்கத்துக்கு இரவு போனும் காரணமாக இருக்கலாம். கேட்டுப் பாருங்கள்.

## வழி 1: வகுப்பாசிரியர் தன் வகுப்பின் ஒழுங்கையே மாற்றுவது

இதற்குப் பெயரும் இல்லை, பதாகையும் இல்லை. அதனால்தான் பலர் இதை ஒரு வழியாகவே எண்ணுவதில்லை.

அபாயத்தை எதிர்பார்த்தே பழகிய உடம்பு வகுப்பிலும் காவல் காத்துக்கொண்டிருக்கும். கதவுப் பக்கம் யார் வருகிறார், பின்னால் யார் நிற்கிறார், ஆசிரியரின் குரல் ஏறுகிறதா என்று கணக்கெடுப்பதிலேயே கவனம் செலவாகிவிடும். பின்னக் கணக்குக்கு மிச்சம் இருக்காது. அடுத்து என்ன நடக்கும் என்று முன்கூட்டித் தெரிந்தால் அந்தக் காவல் கொஞ்சம் தளரும். ஆகவே கரும்பலகையின் ஓரத்தில் அன்றைய ஒழுங்கை எழுதுவது, அதில் மாற்றம் வந்தால் காலையிலேயே சொல்வது, சுவரை முதுகுக்கு வைத்துக் கதவு தெரிகிற இடத்தில் பிள்ளையை இருத்துவது, முகம் கழுவி வர ஒரு சைகை பேசி வைப்பது என்பவை சில்லறை வேலைகளாகத் தெரிந்தாலும் வேலை செய்பவை.

ஒரு சின்ன விடயம். கொப்பி திருத்துகிற ஆசிரியர் வாங்குகளுக்கு இடையால் நடந்து, பின்பக்கமாகப் போய்ப் பிள்ளையின் தோளுக்கு மேலால் குனிவது நம் எல்லோருக்கும் பழக்கம். அப்படிக் குனிந்தபோது ஒரு பையன் திடுக்கிட்டதில் பேனை பக்கத்தைக் குறுக்காகக் கிழித்துக்கொண்டு போனது. "கொப்பியைக் கிழிச்சிட்டான்" என்று ஆசிரியருக்குக் கோபம். முன்பக்கமாக வந்து, முதலில் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டு, பிறகு கொப்பியைத் தொட்டால் போதும் என்று பேசிக்கொண்டோம். அதற்குக் காசும் இல்லை, சுற்றறிக்கையும் தேவையில்லை.

கட்டுரைத் தலைப்புகளையும் ஒருக்கால் பார்க்க வேண்டும். "எனது தந்தை" என்று எழுதக் கொடுத்தால் மேலே சொன்ன நாலாம் ஆண்டுச் சிறுமி என்ன எழுதுவாள்? தகப்பன் இறந்தார் என்று எழுதுவதா, வருவார் என்று எழுதுவதா? உடல் கிடைக்காத வீட்டில் அந்தக் கேள்விக்குத் தாயிடமே பதில் இல்லை. "எனக்குப் பிடித்த ஒருவர்" என்று முழு வகுப்புக்கும் மாற்றிவிட்டால் அவள் தனித்துத் தெரியமாட்டாள். அம்மம்மாவைப் பற்றி எழுதட்டும்.

தடியைப் பற்றி நீட்டத் தேவையில்லை. கல்வி அமைச்சின் 2016 ஆம் ஆண்டுச் சுற்றறிக்கை பாடசாலையில் உடல் தண்டனை கூடாது என்கிறது. ஆசிரியர் கன்னத்தில் அறைந்து மாணவனின் காது பாதிக்கப்பட்ட வழக்கில், அது அடிப்படை உரிமை மீறல் என்று 2021 இல் உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. சட்டத்தை விட்டாலும், வீட்டில் அடி வாங்குகிற பிள்ளைக்குப் பாடசாலையிலும் அடி என்றால் இந்தக் கட்டுரையின் மிச்சத்தை வாசித்துப் பயனில்லை.

*எப்போது இது நல்லது:* எப்போதும். குறிப்பாக ஆரம்பப் பிரிவில், ஒரே வகுப்பாசிரியர் நாள் முழுக்க நிற்பதால், இது மிக நன்றாக ஒட்டும். நாலாம் ஆண்டுச் சிறுமிக்கு என் பதில் இதுவே: இப்போதைக்கு இது போதும், தாயோடு கிழமைக்கு ஒருக்கால் கதையுங்கள், சாப்பாடும் நித்திரையும் எப்படி என்று கேளுங்கள்.

*எங்கே சறுக்கும்:* ஆறாம் ஆண்டுக்கு மேலே. நாற்பது நிமிடத்துக்கு ஒருவர் மாறுகிற இடத்தில் முதல் பாடவேளையில் கட்டியதை மூன்றாம் பாடவேளை உடைத்துவிடும். எல்லாரையும் மாற்ற நினைக்காதீர்கள். அந்த வகுப்புக்குப் போகிற ஆசிரியர்களிடம் இரண்டே இரண்டு விடயத்துக்குச் சம்மதம் வாங்குங்கள்: பெயர் சொல்லிக் கத்துவதில்லை, எல்லார் முன்னிலையிலும் எழுப்பி விசாரிப்பதில்லை.

*மறைசெலவு:* உங்கள் பொறுமை. அதோடு "நீங்கள் செல்லம் குடுத்துப் பழுதாக்குறியள்" என்ற பேச்சு. இன்னொரு செலவை நாம் வெளியே சொல்வதில்லை. ஆசிரியர்களில் கணிசமானோர் தாமே இடம்பெயர்ந்து, ஆட்களை இழந்து, அதைப் பற்றி யாரோடும் பேசாமல் வேலைக்கு வருபவர்கள். பிள்ளையின் அழுகை தன் பழையதைக் கிளறினால், அன்றைக்கு இன்னொருவரிடம் பிள்ளையைக் கொடுத்துவிட்டு வெளியே போய் நிற்பதில் வெட்கமில்லை.

## வழி 2: முழு வகுப்புக்கும் உளசமூகச் செயற்பாடுகள்

விளையாட்டு, நாடகம், படம் வரைதல், பாட்டு, கதை என்று பல அமர்வுகளாக நடப்பது. அதிபர்களுக்கு இது பிடிக்கும். பெற்றோருக்கும் பிடிக்கும். நிதி தருகிற நிறுவனங்களுக்கு எல்லாரையும் விடப் பிடிக்கும், ஏனென்றால் படம் எடுக்கலாம்.

கிண்டல் போதும். நம் மண்ணிலேயே இதை முறையாகச் சோதித்துப் பார்த்திருக்கிறார்கள். 2012 இல் வெளியான ஆய்வு, வட இலங்கையில் 9 முதல் 12 வயது வரையான 399 பிள்ளைகள், ஐந்து கிழமையில் 15 அமர்வுகள். ஒரு பகுதிப் பாடசாலைகளுக்கு நிகழ்ச்சி உடனே கிடைத்தது. மற்றவை காத்திருப்புப் பட்டியலில் இருந்தன. முடிவு கலப்பானது. மனவடு, மனச்சோர்வு, பதகளிப்பு ஆகிய முக்கிய அளவீடுகளில் எல்லாப் பிள்ளைகளையும் சேர்த்துப் பார்த்தால் பெரிய வித்தியாசம் இல்லை. நடத்தைப் பிரச்சினைகள் குறைந்தன. ஆண் பிள்ளைகளுக்கு மனவடு அறிகுறிகளிலும் பதகளிப்பிலும் பயன் தெரிந்தது. வயது குறைந்த பிள்ளைகள் மற்றவர்களோடு அனுசரித்துப் போவதில் முன்னேறினார்கள். ஆனால் நிகழ்ச்சியில் பங்கெடுத்த பெண் பிள்ளைகளைவிட, காத்திருந்த பெண் பிள்ளைகளிடம் மனவடு அறிகுறிகள் கூடுதலாகக் குறைந்தன. அதாவது ஒன்றும் செய்யாமல் விட்டிருந்தால் அந்தப் பெண் பிள்ளைகள் இன்னும் கொஞ்சம் நன்றாகத் தேறியிருக்கலாம்.

அதே ஆய்வில் இன்னொரு விடயமும் உண்டு. அந்த நேரத்திலும் தொடர்ந்த போர் சார்ந்த நெருக்கடி குறைவாக இருந்த பிள்ளைகளுக்கே நிகழ்ச்சி நன்றாகப் பலித்தது. முதல் கேள்வியை நான் முதலில் வைத்ததற்கு இது ஒரு காரணம்.

*எப்போது இது நல்லது:* அடி எல்லாருக்கும் பொதுவாக விழுந்தபோது. வகுப்பு மாணவன் ஒருவன் மோட்டார் சைக்கிள் விபத்தில் இறந்துவிட்டான், ஊர் வெள்ளத்தில் இடம்பெயர்ந்து திரும்பியிருக்கிறது என்றால், ஒரு பிள்ளையை மட்டும் தனியே கூப்பிடுவதில் அர்த்தமில்லை. சின்ன வகுப்புகள், சண்டை கூடிய வகுப்புகள் ஆகியவற்றுக்கும் பொருந்தும். பெயர் ஒட்டுகிற ஆபத்தும் இதில்தான் மிகக் குறைவு.

*எங்கே சறுக்கும்:* முப்பத்தைந்து பேரில் ஒருவருக்கோ இருவருக்கோதான் சிக்கல் என்றால் இது வீண். "உங்களுக்கு நடந்த துன்பமான சம்பவத்தை வரையுங்கோ" என்று எல்லார் முன்னிலையிலும் கேட்கிற நிகழ்ச்சியாக இருந்தால் வீணைவிட மோசம். பக்கத்து வாங்கு பார்த்துவிடும், இடைவேளைக்குள் பள்ளிக்கூடம் அறிந்துவிடும். வெளியிலிருந்து வருபவரிடம் அமர்வுத் திட்டத்தை முதலில் கேட்டு வாங்கிப் பாருங்கள். அந்த மாதிரி ஒரு வரி இருந்தால் எடுத்துவிடச் சொல்லும் உரிமை உங்களுக்கு உண்டு.

*மறைசெலவு:* பதினைந்து அமர்வுக்கு நேரம் எங்கிருந்து வரும்? கணிதத்தில் யாரும் கை வைக்கமாட்டார்கள். உடற்கல்வி, சித்திரம், சங்கீதப் பாடவேளைகள்தான் போகும். அந்தப் பிள்ளை மூச்சுவிடுவதே அந்தப் பாடவேளைகளில்தான் என்றால் கணக்கு எங்கே நேராகும்?

ஒருநாள் பட்டறைகளை இந்த வழியோடு சேர்க்காதீர்கள். சம்பவம் நடந்த கையோடு எல்லாரையும் இருத்தி ஒரே அமர்வில் எல்லாவற்றையும் கொட்ட வைக்கும் முறையை உலக சுகாதார நிறுவனமே வேண்டாம் என்கிறது. அந்த நேரத்துக்கு அது சொல்வது மிக எளியது: என்ன தேவை என்று பார், சொல்ல விரும்பினால் கேள், உதவக்கூடியவரோடு இணைத்து விடு.

## வழி 3: பாடசாலையின் ஆலோசனை ஆசிரியரிடம் தனியாக

வழிகாட்டல் ஆலோசனைக்கு நியமிக்கப்பட்ட ஆசிரியர் நல்லவராகவும் நேரம் உள்ளவராகவும் வாய்த்தால், நான்கு வழிகளில் இதுவே மலிவும் நெருக்கமும். வாய்ப்பது அதிர்ஷ்டம்.

நம் பகுதியில் இதற்கு ஒரு நல்ல வரலாறு உண்டு. யாழ்ப்பாணப் பல்கலைக்கழக உளமருத்துவப் பேராசிரியராக இருந்த தயா சோமசுந்தரம் போன்றவர்கள், வைத்தியர்கள் மட்டும் போதாது, ஆசிரியர்களும் ஊர்மட்டத் தொண்டர்களும் பயிற்றப்பட வேண்டும் என்று போருக்குள்ளேயே வாதாடியவர்கள். பயிற்சி பெற்ற உள்ளூர் ஆட்களால் என்ன முடியும் என்பதற்கும் சான்று இருக்கிறது. 2004 சுனாமிக்குப் பின் வடகிழக்கில் மனவடு நோய் என்று இனங்காணப்பட்ட 31 பிள்ளைகளுக்கு உள்ளூரில் பயிற்றப்பட்ட உளவளத்துணையாளர்கள் ஆறு அமர்வுகள் கொடுத்தார்கள். ஒரு குழுவுக்கு வாழ்க்கைக் கதையை வரிசைப்படுத்திச் சொல்லும் சிகிச்சை: கயிற்றை நிலத்தில் விரித்து, நல்ல நினைவுக்குப் பூவும் கெட்டதற்குக் கல்லும் வைத்துத் தொடங்குவது. மற்றக் குழுவுக்குத் தியானமும் தளர்வுப் பயிற்சியும். ஆறு மாதத்தில் முதற் குழுவில் 81 வீதமும் இரண்டாவதில் 71 வீதமும் நோய் நிலையிலிருந்து மீண்டிருந்தனர். 31 பேர் என்பது சின்ன எண்ணிக்கை. எந்தச் சிகிச்சையும் பெறாத குழு ஒன்றும் ஒப்பிட இருக்கவில்லை. அளவோடு நம்புங்கள்.

முறையான பயிற்சி இல்லாத ஆலோசனை ஆசிரியர் அந்தக் கயிறு, பூ, கல் வேலையில் இறங்கக் கூடாது. கல்லை வைக்கச் சொல்லிவிட்டு அடுத்த பாடவேளை மணி அடித்தால் பிள்ளை என்ன செய்யும்?

*எப்போது இது நல்லது:* தாய் தகப்பன் பிரிவு, தாய் வெளிநாட்டில் வேலைக்குப் போய் அம்மம்மாவோடு வளர்தல், இழவு, பரீட்சைப் பயம். பிள்ளை ஏற்கெனவே நம்புகிற ஆளாக ஆலோசனை ஆசிரியர் இருந்தால் இன்னும் நல்லது. எட்டாம் ஆண்டுப் பையனை இங்கே அனுப்பச் சொன்னேன், ஆனால் ஒரு நிபந்தனையோடு. அவன் கை நீட்டுவதற்குக் காரணம் வீட்டில் இரவுதோறும் நடப்பது என்று வகுப்பாசிரியருக்கு அரைகுறையாகத் தெரிந்திருந்தது. அப்படியென்றால் ஆலோசனை மட்டும் போதாது. பிரதேச செயலகத்தில் இருக்கும் சிறுவர் உரிமை மேம்பாட்டு உத்தியோகத்தருக்கு அதிபர் ஊடாகத் தெரிவிக்க வேண்டும். இல்லாவிட்டால் பாடசாலையில் ஆற்றி அனுப்புவதும் வீட்டில் கிளறி அனுப்புவதுமாகவே போகும்.

*எங்கே சறுக்கும்:* அதே ஆசிரியர் ஒழுக்காற்றுக்கும் பொறுப்பாக இருந்தால். காலையில் தலைமயிர் வெட்டாததுக்கு ஏசியவரிடம் மத்தியானம் மனம் திறப்பார்களா? அறையும் முக்கியம். நூலக மூலை, நோயாளர் அறை, அதிபர் கந்தோருக்குப் பக்கத்துத் தடுப்பு என்று கிடைத்த இடத்தில் நடக்கும். யன்னலால் போகிற வருகிறவர் எல்லாரும் பார்ப்பார்கள். "நீ போய் கவுன்சிலிங் ரீச்சரைச் சந்தி" என்று வகுப்பில் சத்தமாகச் சொன்னால் அன்றிலிருந்து அவன் "விசர்". இடைவேளையில் வரவு இடாப்பைக் கொண்டுபோய்க் கொடுக்கச் சொல்லுங்கள், போகட்டும்.

*மறைசெலவு:* இடமாற்றம். ஆலோசனை ஆசிரியர் மாறிப் போனால் பிள்ளை முதலிலிருந்து தொடங்க வேண்டும், பலர் தொடங்கமாட்டார்கள். அடுத்தது ஆசிரியர் அறை. "அந்தப் பிள்ளைக்கு என்ன பிரச்சினையாம்?" என்று தேத்தண்ணி நேரம் கேட்பவருக்குப் பதில் சொல்லாமல் இருக்கிற பயிற்சி எந்தச் சான்றிதழிலும் வராது.

பிள்ளையிடம் "ஒருத்தருக்கும் சொல்லமாட்டன்" என்று வாக்குக் கொடுக்காதீர்கள். "உனக்கு ஆபத்தெண்டால் மட்டும் உதவி செய்யக்கூடிய ஒரு ஆளுக்குச் சொல்லுவன், சொல்ல முன்னம் உன்னட்டச் சொல்லுவன்." இதைத்தான் கொடுக்கலாம்.

## வழி 4: வைத்தியசாலையின் உளநலப் பிரிவு

பத்தாம் ஆண்டு மாணவிக்கு என் பதில் இது, தாமதமில்லாமல். மேசையில் தலை சாய்ப்பதோடு நிற்கவில்லை. வெயிலிலும் நீளக் கைச் சட்டை, மணிக்கட்டுக்கு மேலே கீறல் தழும்புகள், "நான் இல்லாட்டி அம்மாவுக்குச் சுகம்" என்று தோழியிடம் ஒரு வசனம். அந்த வசனத்தைத் தோழி வந்து சொன்னாளே, அது பெரிய காரியம்.

*எப்போது இதுவே வழி:* சாவைப் பற்றிய பேச்சு அல்லது தன்னைத் தானே காயப்படுத்தல். சாப்பாடு, நித்திரை அடியோடு குலைதல். இல்லாத குரல் கேட்டல். கெட்ட கனவும் பழைய காட்சி திரும்ப வருவதும் ஒரு மாதம் தாண்டியும் குறையாமல் படிப்பையும் பழக்கத்தையும் முடக்குதல். பாலியல் துன்புறுத்தல் தெரியவந்தால் அது வேறு பாதை. ஆசிரியர் துருவி விசாரிக்கக் கூடாது. பிள்ளை சொன்னதைச் சொன்னபடி எழுதி, அன்றைக்கே அதிபருக்கும் சிறுவர் பாதுகாப்பு அதிகாரசபையின் 1929 இலக்கத்துக்கும் சொல்ல வேண்டும்.

*எங்கே சறுக்கும்:* வீட்டாரிடம் சொல்கிற இடத்தில். "பிள்ளைக்கு மனநோய், டொக்டரிட்டக் காட்டுங்கோ" என்றால் அடுத்த நாள் பிள்ளை பாடசாலைக்கு வராது. நாளைக்குக் கலியாணம் பேசும்போது இது வரும் என்ற பயம் தாய்க்கு உண்மையானது. அதைச் சிரித்துத் தள்ளாதீர்கள். உடம்பில் தெரிவதிலிருந்து தொடங்குங்கள். "அம்மா, இவ நித்திரை கொள்ளுறது குறைவு, தலையிடி எண்டு அடிக்கடி சொல்லுறா. இதுக்கெண்டு டொக்டர்மார் இருக்கினம். நானும் வாறன், ஒருக்கால் காட்டுவம்." "நானும் வாறன்" என்ற இரண்டு சொல்லுக்கு இருக்கிற பலம் கடிதத்துக்கு இல்லை. முதலில் யாரிடம் சொல்வது என்றும் யோசியுங்கள். பிள்ளை யாருக்குப் பயப்படுகிறதோ அவருக்கு முதல் தகவல் போகக் கூடாது.

*மறைசெலவு:* அரச வைத்தியசாலையில் சிகிச்சைக்குக் காசில்லை. ஆனால் கிளினிக் நாள் முழுக்கப் போகும், தாயின் கூலி போகும். நெடுந்தீவுப் பிள்ளை என்றால் குறிகாட்டுவானுக்குப் படகு, அங்கிருந்து பஸ், திரும்பவும் படகுக்கு நேரம் பார்க்க வேண்டும். முதல் தடவை எல்லாரும் போவார்கள். மூன்றாம் தடவைதான் பிரச்சினை. பாடசாலை நலன்புரிப் பணத்தில் பஸ் காசு கொடுக்க முடிந்தால் அதைவிடப் பயனுள்ள செலவு எனக்குத் தெரியவில்லை.

உடனே ஆஸ்பத்திரிக்குப் போக முடியாத இரவில், தேசிய மனநல நிறுவகத்தின் 1926 இலக்கத்துக்கு அழைக்கலாம்.

## பக்கத்தில் வைத்துப் பார்த்தால்

| | வகுப்பு ஒழுங்கு | முழு வகுப்பு நிகழ்ச்சி | ஆலோசனை ஆசிரியர் | உளநலப் பிரிவு |
|---|---|---|---|---|
| இன்னும் நடக்கிற கொடுமைக்கு | தாங்கிப் பிடிக்கும், தீர்க்காது | பலன் குறைவு | பாதுகாப்பு நடவடிக்கையோடு மட்டும் | பாதுகாப்பு நடவடிக்கையோடு மட்டும் |
| தொடர்ச்சி | அந்த ஆண்டு முழுக்க | சில கிழமைகள் | இடமாற்றம் வரை | வீட்டார் கொண்டுபோகும் வரை |
| பெயர் ஒட்டுமா | இல்லை | இல்லை | அனுப்பும் விதத்தைப் பொறுத்தது | ஆம், கூடுதல் |
| பிழைத்தால் | பெரிய கெடுதி இல்லை | பொதுவில் கிளறிவிடலாம் | இரகசியம் கசியலாம் | பாடசாலையை விட்டே நிறுத்தலாம் |
| செலவு விழுவது | ஆசிரியரின் பொறுமையில் | உடற்கல்வி, சித்திரப் பாடவேளைகளில் | ஒருவரின் நேர அட்டவணையில் | தாயின் கூலியில் |

## பொறுத்துப் பார்ப்பதும் ஒரு வழியா?

ஆம், ஒரு மாதம் வரை. சாவு வீடு நடந்து இரண்டு கிழமையில் அழுகிற, பயப்படுகிற, படிப்பில் மனம் போகாத பிள்ளைக்கு நோய் இல்லை, துக்கம். நேரத்துக்குச் சாப்பாடும், அன்பான ஓர் ஆளும், வழக்கமான பள்ளிக்கூடமும் கிடைத்தால் பெரும்பாலான பிள்ளைகள் தாமாகத் தேறுவார்கள். காத்திருந்த பெண் பிள்ளைகளின் கதையை மறக்காதீர்கள். ஆனால் பொறுத்துப் பார்ப்பது என்றால் பார்க்க வேண்டும். "அமைதியான பிள்ளை" என்று தேர்ச்சி அறிக்கையில் எழுதிவிட்டுக் கடந்து போவது அதில் சேராது. குழப்படிக்காரனுக்கு எப்படியோ கவனிப்புக் கிடைத்துவிடும், அடியாகவாவது. சத்தமில்லாதவர்கள்தான் ஏ.எல். வரைக்கும் யார் கண்ணிலும் படாமல் போகிறார்கள்.

## சேர்த்து எடுக்கும்போது

என் தெரிவு எது என்று கேட்டால்: முதல் வழி எல்லாருக்கும், என்றைக்கும். மற்ற மூன்றும் அதன் மேல் ஏற்றுவதற்கு. அதற்குப் பதிலாக அல்ல. நிகழ்ச்சி நடத்த நிதி வருகிறது, ஆனால் அந்த வகுப்பில் தடி இன்னும் மேசையில் கிடக்கிறது என்றால் நிதியைத் திருப்பி அனுப்பலாம் என்பேன். அதிபர்கள் கோபிப்பார்கள், பரவாயில்லை.

ஒன்றுக்கு மேல் எடுத்தால் யாராவது ஒருவர் கயிற்றைப் பிடித்திருக்க வேண்டும். ஆலோசனை ஆசிரியர் ஒன்று சொல்ல, வைத்தியர் ஒன்று சொல்ல, அலுவலர் வந்து மூன்றாவது தரம் முழுக்கதையையும் சொல்லச் சொன்னால் பிள்ளை ஊமையாகிவிடும். பெரும்பாலும் அந்த ஒருவர் வகுப்பாசிரியராகவே இருப்பார், விரும்பினாலும் விரும்பாவிட்டாலும்.

வருடம் முடிந்து அடுத்த வகுப்பாசிரியரிடம் கையளிக்கும்போது அரைப் பக்கம் எழுதிக் கொடுங்கள். எங்கே இருத்தினால் நல்லது, எந்தச் சத்தத்துக்குத் திடுக்கிடும், பதறினால் எது அமைதிப்படுத்தும், எந்தத் திகதிகளில் பாரமாக இருக்கும் (தகப்பனின் திவசம், டிசம்பர் 26, மே 18, அந்த வீட்டுக்கு எதுவோ அது), வீட்டில் யாருக்குப் போன் பண்ணலாம், யாருக்குப் பண்ணக் கூடாது. என்ன நடந்தது என்பதை அதில் எழுத வேண்டாம். அதைச் சொல்வதா விடுவதா என்பது பிள்ளையின் விருப்பம்; புது ரீச்சரைப் பிடித்தால் அதுவே சொல்லும்.